பக்கத்து வீட்டு நாற்பதாயிரம் பேர்

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். சூரை மீன் குழம்பு, வழக்கத்தைவிட ஒரு கை சோறு கூடுதல், தலைக்கு மேல் ஃபேன். கண் சொருகுகிற நேரம் பார்த்து...

'ஹோ...ஓஓஓ!'

பக்கத்து வீட்டுக்குள் ஒரு ஸ்டேடியமே எழுந்து நின்று கத்துகிறது.

ஏதோ மேட்ச் பார்க்கிறார்கள் போல என்று புரண்டு படுத்தேன். அடங்கியது. மறுபடி 'ஹோ...'. அடங்கியது. மறுபடி. அதற்கப்புறமும் மறுபடி. எந்த மேட்சில் ஐயா நிமிஷத்துக்கு ஒரு சிக்ஸர் அடிக்கிறார்கள்?

இந்தப் பத்தியைத் தொடர்ந்து படிக்கிறவர்களுக்கு அடுத்து நடந்ததைச் சொல்லவே வேண்டாம். நான் சத்தத்தைத் திட்டாத மாதம் உண்டா? கல்யாண வீட்டு ஸ்பீக்கர், ஃபெர்ரியில் உட்கார்ந்து ஊருக்கே ரீல்ஸ் போட்டுக் காட்டுகிறவர்கள், நாய்கூட எழுந்திருக்காத நேரத்தில் ஹாரன் அடிக்கும் பால் வண்டி... எல்லோரோடும் சண்டை போட்டாயிற்று. எழுந்து செருப்பை மாட்டினேன்.

"மெதுவா பேசிட்டு வா மீனா" என்றார் என் வீட்டுக்காரர், கண்ணைத் திறக்காமலே. "நீ சண்டை போடுறதுதான் இந்தத் தெருவிலேயே பெரிய சத்தம்."

பதில் சொல்ல நேரமில்லை. வந்து வைத்துக்கொள்ளலாம் என்று கிளம்பிவிட்டேன்.

அந்தமானில், பாம்பூஃப்ளாட்டில் எங்களுக்குப் பக்கத்து வீடு கிளமென்ட் அண்ணனுடையது. தூத்துக்குடிப் பக்கத்துக் கடற்கரையிலிருந்து வந்து, இங்கே சொந்தமாக போட் வைத்து மீன் பிடிக்கிறவர். மனைவி ஸ்டெல்லா அக்கா. ஒரே மகள் ஜெனிட்டா. மெயின்லேண்டில் சவுண்ட் இன்ஜினியரிங் படித்துவிட்டு ஊர் திரும்பி, வீட்டிலிருந்தே வேலை பார்க்கிறாள். என்ன வேலை? 'கம்ப்யூட்டர்ல ஏதோ' என்பதற்கு மேல் தெருவில் யாருக்கும் தெரியாது. எனக்கும்தான்.

கதவைத் திறந்த ஸ்டெல்லா அக்கா என் முகத்தைப் பார்த்ததுமே உள்ளே திரும்பிக் குரல் கொடுத்தார். "ஏட்டி, மீனா வந்துட்டா. அந்தச் சனியன நிப்பாட்டு!"

அறைக்குள் ஜன்னலை அடைத்து மெத்தையைச் சாத்தி வைத்திருந்தாள் ஜெனிட்டா. கண் சிவந்திருந்தது. திரையில் பச்சைப் பசேல் என்று ஒரு மைதானம், சுற்றிலும் மாடி மாடியாக ஆட்கள். பேஸ்பால் வீடியோ கேம். பேஸ்பால் என்றால், அமெரிக்காக்காரன் கிரிக்கெட்டைத் தப்பாகப் புரிந்துகொண்டு ஆடுவது... எனக்குத் தெரிந்தது அவ்வளவுதான்.

"சாரி ஆன்ட்டி. ஹெட்ஃபோன்ல கேட்டா ஒரு மாதிரி, ஸ்பீக்கர்ல கேட்டா ஒரு மாதிரி இருக்கு. அதான்..." என்றாள். "இந்த ஸ்டேடியத்துல நாப்பதாயிரம் பேர். அத்தன பேருக்கும் தொண்டை நான்தான்."

மெயின்லேண்டில் ஒரு சின்ன கேம் கம்பெனி. ஆட்டக்காரர்களை ஒருவர் செய்கிறார், மைதானத்தை ஒருவர் செய்கிறார், கூட்டத்தின் சத்தம் முழுக்க ஜெனிட்டாவின் பொறுப்பு. இப்படியும் ஒரு வேலை உலகத்தில் இருக்கிறதா என்று ஒரு நிமிஷம் கோபத்தை மறந்துவிட்டேன். ஒரே நிமிஷம்தான்.

"உன் நாப்பதாயிரம் பேர் எனக்குப் பிரச்சினை இல்ல ஜெனி. அந்த விசில்காரனை மட்டும் முதல்ல வெளிய அனுப்பு."

"எந்த விசில்காரன்?"

"கத்தி முடிக்கிறப்ப ஒருத்தன் ரெண்டு தரம் விசில் அடிக்கிறானே! ஒவ்வொரு தடவையும் அதே இடத்துல. அவன் பக்கத்துல ஒருத்தன் இருமுறான். அவனும் அதே இடத்துலதான். உனக்குக் கேக்கலையா?"

சட்டென்று திரும்பி, மறுபடி ஓடவிட்டாள். 'ஹோ...' விசில், விசில், இருமல். இன்னொரு முறை. விசில், விசில், இருமல். தலையில் கை வைத்துக்கொண்டாள். கடையில் கிடைக்கிற ரெடிமேட் சத்தத்தை வாங்கி வெட்டி ஒட்டியதாம். வாரக்கணக்கில் கேட்டுக் கேட்டு அவள் காது மரத்துப்போயிருக்கிறது. என் காது சண்டைக்கு என்றே வளர்த்த காது, அதற்கு எதுவும் தப்பாது.

"எங்க ஹெட் சொன்னது இப்பதான் புரியுது" என்றாள். "'கூட்டம் இருக்கு, ஆள் இல்ல'ன்னு எழுதியிருந்தாங்க."

மெதுவாக விஷயம் வெளியே வந்தது. மாதக் கடைசிக்குள் கூட்டத்துக்கு உயிர் வரவேண்டும். வராவிட்டால் அந்த வேலை மெயின்லேண்ட் ஸ்டுடியோவுக்குப் போய்விடும். ஜெனிட்டா அங்கே வந்து சேர்ந்துகொள்ளலாம், இங்கிருந்து செய்ய முடியாது என்று சொல்லிவிட்டார்கள்.

"'அந்தமான்ல கூட்டத்துக்கு எங்க போவே?'ன்னு கேட்டாங்க ஆன்ட்டி. அதத்தான் என்னால தாங்க முடியல."

ஸ்டெல்லா அக்காவுக்குப் பொத்துக்கொண்டு வந்துவிட்டது. "வெங்காயமும் கப்பல்ல வருது, சிமெண்டும் கப்பல்ல வருது. கூட்டமும் கப்பல்லதான் வரணுமாக்கும்?"

எனக்கு அது சுருக்கென்றது. எங்கள் தெருவில் படித்த பிள்ளைகள் எல்லாரும் மெயின்லேண்டில். என் மகனும்தான். படித்து முடித்துத் திரும்பி வந்து, இங்கேயே இருந்து பிழைத்துக் காட்டுகிறேன் என்றவள் இவள் ஒருத்தி. இவளையும் கப்பல் ஏற்றி அனுப்புவதா? சண்டை போட வந்தவள், உட்கார்ந்துவிட்டேன்.

"கூட்டம் சத்தம் போடாட்டி என்னடி? விளையாட்டு விளையாட்டுதானே?" என்று கேட்டேன்.

அவள் கன்ட்ரோலரை என் கையில் கொடுத்தாள். கூட்டத்தின் சத்தத்தை முழுக்க அணைத்தாள். பந்து வருகிறபோது இந்தப் பொத்தானை அழுத்துங்கள், அவ்வளவுதான் என்றாள்.

அழுத்தினேன். மட்டை சுழன்றது. பந்து போனது, வந்தது. எவனோ ஓடினான். கொட்டாவி வந்தது. காலண்டரில் தேதி கிழிக்கிற அளவுக்குக்கூட அதில் சுவாரசியம் இல்லை.

பிறகு சத்தத்தைத் திறந்தாள். அதே மைதானம், அதே பந்து. ஆனால் சுற்றிலும் லேசான முணுமுணுப்பு. பந்து வீசுகிறவன் கையை உயர்த்தியதும் முணுமுணுப்பு அடங்கியது. நான் கோட்டை விட்டேன். எங்கிருந்தோ ஒரு 'ச்ச்...'. இரண்டாவதையும் விட்டேன். இப்போது எதிரணி ஆட்கள் கைதட்ட ஆரம்பித்தார்கள், தாளத்தோடு, என்னைப் பதற வைப்பதற்கென்றே. மூன்றாவது பந்துக்கு நிமிர்ந்து உட்கார்ந்துவிட்டேன். உள்ளங்கை வேர்த்திருந்தது.

யாருக்காக வேர்த்தது? பிறக்கவே பிறக்காத ஆட்களுக்காக. அந்த விசில்காரன் பொய் என்று கண்டுபிடித்துச் சொன்னவளே நான்தான். ஆனாலும் அவன் முன்னால் தோற்க எனக்கு வெட்கமாக இருந்தது.

யோசித்துப் பார்த்தால் இது நமக்குப் புதுசே இல்லை. 'நாலு பேர் பார்த்தா என்ன சொல்வாங்க?' என்று கேட்காத வீடு நம்மில் உண்டா? அந்த நாலு பேரை யாராவது கண்ணால் பார்த்திருக்கிறோமா? பெயர் தெரியுமா? விலாசம் தெரியுமா? ஆனால் அவர்களுக்காகத்தான் பட்டுப்புடவை கட்டுகிறோம், அவர்களுக்குப் பயந்துதான் அழுகையை அடக்குகிறோம். கம்ப்யூட்டர்காரர்கள் இப்போதுதான் கண்டுபிடித்திருக்கும் மாயக்கூட்டத்தை நாம் எந்தக் காலத்திலேயோ வீட்டுக்கு நாலு பேர் என்று வாங்கி வைத்துவிட்டோம்!

சரி, பொய்க் கூட்டத்துக்கு உயிர் வேண்டும். நிஜக் கூட்டத்தைப் பிடித்துவந்தால் ஆயிற்று. இதிலென்ன கஷ்டம் என்று நினைத்தேன். கிளமென்ட் அண்ணன் ஃபாதரிடம் பேசிக் கோயில் ஹாலை வாங்கித் தந்தார். டீயும் சமோசாவும் என் உபயம் என்று தெருவெல்லாம் சொன்னேன். அடுத்த ஞாயிறு சாயங்காலம் ஹால் நிறைய ஆட்கள். ஜெனிட்டா முன்னால் ஒரு மைக், நடுவில் ஒன்று, வாசலுக்கு வெளியே ஒன்று என்று வைத்தாள். நான் மேடை ஏறினேன்.

"நான் கையைத் தூக்கினதும் எல்லாரும் சந்தோஷமா கத்தணும். இறக்கினதும் நிறுத்தணும்."

தூக்கினேன். "ஹேஏஏஏ" என்றார்கள். இறக்கினேன். நிறுத்தினார்கள். ஸ்கூலில் 'குட்... மார்னிங்... மிஸ்...' சொல்வார்களே, அதே ராகம். "இப்ப ஏமாற்றம்!" என்றேன். "அய்யோஓஓ" என்றார்கள், சிரித்துக்கொண்டே. ஜெனிட்டா ஹெட்ஃபோனைக் கழற்றிக் கழுத்தில் போட்டுக்கொண்டாள். முகத்தைப் பார்க்கவே பாவமாக இருந்தது.

அக்கரையில், ஃபெர்ரி வந்து நிற்கிற சாத்தம் ஜெட்டியில் டீக்கடை வைத்திருக்கும் பிஸ்வாஸ் தாதாவையும் அன்றைக்கு அழைத்திருந்தேன். பெங்காலி. தாதா என்றால் அவர்கள் பாஷையில் அண்ணன். நாங்கள் எல்லோரும் அவரோடு ஹிந்தியில்தான் பேசுவோம். சமோசாவைக் கடித்துக்கொண்டே என்னிடம் வந்தார். "மேடம், மேட்ச் ஹி நஹி ஹை... தோ சில்லானா கிஸ்கே லியே?" என்றார். மேட்சே இல்லாமல் யாருக்காகக் கத்துவதாம்.

எனக்குச் சுள்ளென்று கோபம் வந்தது. ஓசி சமோசா, அதில் விமர்சனம் வேறா என்று முறைத்தேன். ஆனால் அன்றைக்கு அந்த ஹாலில் யாரும் அதைவிட உருப்படியாக எதையும் சொல்லவில்லை.

மறுநாள் காலை. நான் தினமும் பாம்பூஃப்ளாட்டிலிருந்து ஃபெர்ரி பிடித்து, சாத்தத்தில் இறங்கி ஆபீஸ் போகிறவள். அன்றைக்கு ஜெனிட்டாவும் சின்ன ரெக்கார்டரோடு ஜெட்டிக்கு வந்தாள். ஃபெர்ரி அக்கரையில்தான் இருந்தது. இக்கரையில் நாங்கள் ஒரு பெருங்கூட்டம் நின்றிருந்தோம். "கேளுங்க ஆன்ட்டி" என்று ஹெட்ஃபோனை என் காதில் மாட்டினாள்.

எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. முன்னால் தமிழ். அதன் மேல் பெங்காலி. இடது பக்கம் தெலுங்கில் யாரோ விலை பேசுகிறார்கள். வலது பக்கம் மலையாளம். எல்லாவற்றுக்கும் நடுவில் நம்ம ஊர் ஹிந்தி. ஒவ்வொன்றாகக் காது கொடுத்தால் புரிகிறது. மொத்தமாகக் கேட்டால் எந்த ஊர், எந்த பாஷை என்று ஆண்டவனாலும் சொல்ல முடியாது.

"இந்த கேம்ல வர்ற ஊரே கற்பனைதான் ஆன்ட்டி. கூட்டத்துல எந்த பாஷையும் தெரியக்கூடாது. பெரிய ஸ்டுடியோல இதுக்குன்னே ஆளுங்கள உக்கார வச்சு, அர்த்தமில்லாம உளறச் சொல்வாங்க." அவள் கண் மின்னியது. "நமக்கு தினம் ஜெட்டில கெடைக்குது."

ஆக முணுமுணுப்பு கிடைத்துவிட்டது. ஆனால் கத்தல்? அதற்கு மேட்ச் வேண்டும். யாருக்கும் யாருக்கும் மேட்ச்?

ஃபெர்ரி வந்தது. ஏறுகிற அவசரத்தில் வழக்கம்போல இடம் பிடிக்கிற சண்டை. 'சாத்தம் ஆளுங்களே இப்படித்தான்!' என்று இங்கிருந்து ஒரு குரல், 'பாம்பூஃப்ளாட்காரங்களுக்கு எப்பவும் அவசரம்' என்று அங்கிருந்து ஒரு பதில். தினமும் காதில் விழுகிற அர்ச்சனைதான். அன்றைக்குத்தான் அதன் அருமை தெரிந்தது. தண்ணீருக்கு அந்தப் பக்கம், இந்தப் பக்கம்! ஊரில் மற்ற எதில் ஒத்துப்போனாலும் இதில் மட்டும் ஒத்துப்போகவே மாட்டோமே. இந்தக் கரைக்கும் அந்தக் கரைக்கும் மேட்ச் வைத்தால் என்ன?

அடுத்த ஞாயிறு. மாதம் முடியப் போகிறது, இனி வேறு ஞாயிறு கிடையாது. கோயில் ஹாலில் பெரிய திரை. ஒரு பக்கம் பாம்பூஃப்ளாட், மறு பக்கம் சாத்தம். திரையில் இருந்த இரண்டு டீமுக்கும் ஜெனிட்டா அதே பெயர்களை எழுதிவிட்டாள். சாத்தம் பக்கம் கன்ட்ரோலர் பிடித்தவர் பிஸ்வாஸ் தாதா. எங்கள் பக்கம் ஸ்டெல்லா அக்கா!

ஆமாம், ஸ்டெல்லா அக்காதான். மகள் செய்கிற ஒவ்வொரு மாற்றத்தையும் மாதக்கணக்கில் ஆடிப் பார்த்து, 'இது சரியில்லட்டி' என்று சொல்லிவந்தவர் அவர்தானாம். மீன் கழுவின கையைத் துடைத்துக்கொண்டு வந்து உட்கார்ந்து, முதல் பந்தையே விளாசினார் பாருங்கள்... சாத்தம் பக்கம் வாயடைத்துப் போனது.

யாருக்கும் பேஸ்பால் தெரியாது. நான்தான் ஒரு வாரமாகப் படித்துத் தேறியிருந்தேன். அடிக்கிறவனுக்கு முன்னால் இரண்டு விரலை விரித்த மாதிரி இரண்டு கோடு. பந்து அதற்குள்ளே போனால்தான் கணக்கு. வெளியே போனாலோ பின்னால் போனாலோ ஃபவுல், செல்லாது. மேடையில் நின்று அழகாக விளக்கினேன். தலையாட்டினார்கள்.

தலையாட்டினால் போதுமா? எங்கள் ஆட்கள் தொட்டில் பருவத்திலிருந்து கிரிக்கெட் பார்த்தவர்கள். பிஸ்வாஸ் தாதா மட்டையைச் சுழற்ற, பந்து விளிம்பில் பட்டு அவர் ஆள் தலைக்கு மேலேயே பின்னால் பறந்து கூட்டத்துக்குள் விழுந்தது. சாத்தம் பக்கம் மொத்தமும் எழுந்து குதித்தது! கட்டிப்பிடித்துக்கொண்டார்கள். ஒருவர் துண்டைச் சுழற்றினார்.

திரையில் அம்பயர் இரண்டு கையையும் தூக்கினார். ஃபவுல்.

சத்தம் பாதியில் உடைந்தது. "ஏ... க்யா ஹுவா?" "என்னது?" "அரே, ஏன் இல்ல?" சந்தோஷம் மெல்லமெல்ல முனகலாகி, முனகல் அம்பயர் மேல் வசவாக மாறியது. எங்கள் பக்கம் எக்காளமாகச் சிரித்தது. அப்புறம் ஸ்டெல்லா அக்கா அதே மாதிரி பின்னால் அடித்தபோது, சிரித்தவர்களே எழுந்து குதித்தார்கள். முதலில் குதித்தவர் கிளமென்ட் அண்ணன்.

"ஃபவுல் அண்ணே அது! உக்காருங்க!" என்று கத்தினேன்.

"எப்பிடிம்மா ஃபவுலு? பின்னால போனாலும் கயித்தத் தாண்டிருச்சுலா? சிக்ஸ்தான!" என்று சண்டைக்கு வந்தார்.

எனக்கு ரத்தம் கொதித்தது. எல்லாம் நாசமாகப் போகிறதே! கத்தக்கூடாத இடத்திலெல்லாம் கத்துகிறார்கள். பேஸ்பால் தெரிந்தவன் எவனாவது கேட்டால் காறித் துப்ப மாட்டானா? ஜெனிட்டாவின் வேலை என்ன ஆவது? ஒவ்வொரு ஃபவுலுக்கும் நான் எழுந்து "ஃபவுல்! ஃபவுல்யா! எத்தனை தடவ சொல்றது? உக்காருங்கய்யா!" என்று தொண்டை கிழியக் கத்தினேன். ஜெனிட்டா அங்கிருந்து என்னைப் பார்த்துக் கையைக் கையை ஆட்டினாள். நிறுத்தச் சொல்கிறாள் என்று மட்டும் புரிந்தது. யாரை நிறுத்தச் சொல்கிறாள் என்று புரியவில்லை. ஆகவே கூட்டத்தை நிறுத்தச் சொல்லி இன்னும் பலமாகக் கத்தினேன்.

ஒவ்வொரு சுற்று முடிந்ததும் அவள் ஆட்களை இடம் மாற்றி உட்கார வைத்தாள், ஒரே குரல் ஒரே மைக்கில் விழாமல் இருக்க. அந்த ஒன்றுதான் ஒழுங்காக நடக்கிறது என்று நினைத்துக்கொண்டேன்.

கடைசிச் சுற்று. சாத்தம் ஒரு ரன் முன்னால். எங்கள் பக்கம் கடைசி ஆள். ஓடுகிற வழியில், பேஸில், ஏற்கனவே ஒருத்தன் நிற்கிறான்; பந்து வேலியைத் தாண்டினால் அவனுக்கும் சேர்த்து இரண்டு ரன். இரண்டு ஸ்டிரைக் ஆகிவிட்டது, இன்னொன்றைக் கோட்டை விட்டால் கதை முடிந்தது. ஸ்டெல்லா அக்கா முந்தானையை இடுப்பில் செருகினார்.

அடித்தார். என்ன அடி! பந்து ஏறியது, ஏறியது, தூரத்து வேலியை நோக்கிப் போயேவிட்டது. பாம்பூஃப்ளாட் மொத்தமும் எழுந்து கூரை அதிரக் கத்தியது. ரூல்ஸ் படித்த நான்கூட நாற்காலி மேல் ஏறிவிட்டேன். கடைசி நொடியில் பந்து லேசாக வளைந்து... கோட்டுக்கு வெளியே.

ஃபவுல்.

பொத்தென்று எல்லோரும் உட்கார்ந்தார்கள். யாரும் யாரையும் திட்டவில்லை. கிளமென்ட் அண்ணன் தலையைக் கவிழ்த்துக்கொண்டார். "உக்காருங்கய்யா" என்று சொல்ல எனக்கே குரல் வரவில்லை. ரொம்ப வலித்தது, நிஜமாகவே. ஃபவுலால் ஆள் அவுட் இல்லை, இன்னொரு பந்து உண்டு என்று எனக்குத் தெரியும். அவர்களுக்கு அதைச் சொல்லக்கூடத் தோன்றவில்லை.

அடுத்த பந்து. ஹாலில் மூச்சுச் சத்தம் இல்லை. யாரும் அடக்கச் சொல்லவில்லை, தானாக அடங்கியிருந்தது. ஸ்டெல்லா அக்கா மறுபடி விளாசினார். பந்து ஏறியது. வேலியைத் தாண்டியது, இந்த முறை கோட்டுக்கு நன்றாக உள்ளே.

ஒருத்தர்கூடக் கத்தவில்லை!

சூடு கண்ட பூனைகள். எல்லோரும் அம்பயரையே பார்க்கிறார்கள். அம்பயர் ஒரு விரலை உயர்த்தி வட்டம் போட்டார். ஹோம் ரன். அப்போதும் ஒரு கணம் அமைதி. "நெசமாவா?" என்று கிளமென்ட் அண்ணன் குரல் மட்டும் தனியாக, ரொம்பச் சின்னதாக.

அப்புறம் வெடித்தது பாருங்கள்... அப்படி ஒரு சத்தத்தை என் வாழ்நாளில் கேட்டதில்லை. தோற்ற சாத்தம்காரர்கள்கூடக் கத்தினார்கள். பிஸ்வாஸ் தாதா கன்ட்ரோலரை வைத்துவிட்டு ஸ்டெல்லா அக்காவுக்குப் பெரிய கும்பிடு போட்டார்.

கூட்டம் கலைந்ததும் பயந்து பயந்து ஜெனிட்டாவிடம் போனேன். "எல்லாம் வீணாப் போச்சாடி? நான் எவ்வளவோ சொன்னேன், கேக்கவே இல்ல."

"க்யா ஆன்ட்டி! உங்களத்தான் நிறுத்தச் சொன்னேன்." அவள் சிரித்தாள். அந்த மாதத்தில் அவள் சிரித்துப் பார்த்தது அன்றைக்குத்தான். "அவங்க தப்பாக் கத்துனதுதான் எனக்கு வேணும். நிஜ பேஸ்பால்ல அந்தக் கடைசி ஃபவுல் மாதிரி, போற மாதிரி போயி வெளிய வளையும். ஜனங்க எந்திரிச்சுக் கத்தி, பாதில உடைஞ்சு உக்காருவாங்க. அதச் சொல்லிக் குடுத்தெல்லாம் கத்த வைக்க முடியாது. நம்ம ஆளுங்க கிரிக்கெட்ட நெனச்சுக்கிட்டு ஒவ்வொரு ஃபவுலுக்கும் அதக் குடுத்தாங்க!"

அந்த வாரம் சுவருக்கு அந்தப் பக்கம் சத்தமே இல்லை. ஹெட்ஃபோன் போட்டு வேலை செய்கிறாள். எனக்கோ இருப்புக் கொள்ளவில்லை. சத்தம் கேட்கவில்லையே என்று சுவரில் காதை வைத்துப் பார்த்த ஒரே மனுஷி நானாகத்தான் இருப்பேன்.

மாதக் கடைசி. நான் ஆபீசிலிருந்து திரும்பி ஜெட்டியில் இறங்கும்போதே போன். "ஆன்ட்டி, ஹெட் கூப்பிடப் போறாங்க. வாங்க." ஓடினேன். கிளமென்ட் அண்ணன் வலையைப் பிரித்தபடி கீழே உட்கார்ந்திருந்தார், ஸ்டெல்லா அக்கா கையில் ஜெபமாலை. ஸ்பீக்கரில் ஹெட் அம்மாவின் குரல், இங்கிலீஷில், நிதானமாக.

"இந்தக் கூட்டத்துக்கு ஞாபகம் இருக்கிறது" என்றார்.

அந்த ஒரு கணத் தாமதத்தைத்தான் சொன்னார். ஃபவுலில் ஏமாந்த கூட்டம் அடுத்த பந்தில் உடனே கத்தாமல் அம்பயரைப் பார்த்துக்கொண்டு காத்திருக்கிறதே, அதை. போன பந்தில் நடந்தது கூட்டத்துக்கு நினைவிருந்தால், ஆடுகிறவனுக்கு அது நிஜ ஸ்டேடியம். இல்லாவிட்டால் வெறும் சத்தம். ஜெனிட்டா அதைப் பிடித்து, எத்தனை ஃபவுலில் கூட்டம் ஏமாந்ததோ அத்தனை தயக்கம் அடுத்த கத்தலில் வருகிற மாதிரி செய்துவிட்டாளாம்.

"எந்த ஸ்டேடியத்தில் எடுத்தாய்?" என்று கேட்டார்.

"கோயில் ஹால்ல, மேடம்" என்றாள் ஜெனிட்டா தமிழிலேயே. பதற்றத்தில் இங்கிலீஷ் ஓடிப்போயிருந்தது. பிறகு சுதாரித்துக்கொண்டு இங்கிலீஷில் விளக்கினாள்.

அந்தப் பக்கம் சிரிப்புச் சத்தம். "அடுத்த கேமுக்கும் கூட்டம் உன் பொறுப்புதான். இங்கே வரவேண்டாம். அங்கேயே இரு, அந்தக் கூட்டத்தை விட்டுவிடாதே."

அங்கேயே இரு! கிளமென்ட் அண்ணன் வலையை அப்படியே போட்டுவிட்டு எழுந்தார். ஸ்டெல்லா அக்கா அழுதார். நான் அழவில்லை என்று எழுதலாம்தான், ஆனால் தெருவே பார்த்துவிட்டது. இத்தனை காலம் எல்லாமே மெயின்லேண்டிலிருந்து எங்களுக்குக் கப்பலில் வந்தது. முதல் தடவையாக நாங்கள் ஒரு கூட்டத்தையே அங்கே அனுப்பியிருக்கிறோம், அதுவும் டிக்கெட் எடுக்காமல்!

போன ஞாயிறு கோயில் ஹாலில் செய்து முடித்த கேமை ஜெனிட்டா போட்டுக் காட்டினாள். இரண்டு கரை ஆட்களும் வந்திருந்தார்கள். ஸ்டெல்லா அக்கா ஆட, திரையில் நாற்பதாயிரம் பேர் எழுந்தார்கள், ஹாலில் நாங்களும் எழுந்தோம். எது உள்ளே இருக்கிற கூட்டம், எது வெளியே இருக்கிற கூட்டம் என்று எனக்குத் தெரியவில்லை. "ஏ, அது என் குரலு!" என்று ஆளாளுக்குத் திரையைக் காட்டிக் குதித்தார்கள்.

ஸ்டெல்லா அக்கா ஒரு பந்தைப் பின்னால் அடித்தார். ஃபவுல். கூட்டம் கத்தி, உடைந்து, அடங்கியது. அந்த அமைதியில் தூரத்து மாடியிலிருந்து ஒரு பெண் குரல். வார்த்தை எதுவும் புரியவில்லை, ஆனால் யாரையோ வறுத்தெடுக்கிறது என்று மட்டும் எந்த ஊர்க்காரனுக்கும் புரியும்.

ஹால் முழுக்கத் திரும்பி என்னைப் பார்த்தது.

"அழிக்கத்தான் பாத்தேன் ஆன்ட்டி" என்றாள் ஜெனிட்டா, சிரிப்பை அடக்கமாட்டாமல். "ஹெட்தான் 'அந்த அம்மா இருக்கட்டும், அவங்க இல்லாம ஸ்டேடியம் நிறையாது'ன்னுட்டாங்க."

என் வீட்டுக்காரர் பின்வரிசையில் உட்கார்ந்து கண்ணில் நீர் வரச் சிரித்துக்கொண்டிருந்தார். அவரை வீட்டில் கவனித்துக்கொண்டேன், அது தனிக்கதை. இனிமேல் உலகத்தின் எந்த மூலையில் எவன் ஃபவுல் அடித்தாலும் என்னிடம் திட்டு வாங்காமல் தப்ப முடியாது.

நாலு பேர், நாலு பேர் என்கிறோமே, யார் அவர்கள் என்று கேட்டேன் இல்லையா... ஒருத்தி நான்தான்!